முகமும் பெயரும்: ரே டென்னிஸ் ஸ்டெக்லரின் திரைப்பணி குறித்து ஒரு நோக்கு

திறனாய்வு என்பது தேர்ந்த படைப்புகளை மட்டுமே கைக்கொள்ள வேண்டுமா என்னும் வினா இலக்கிய மாணவர்க்குப் புதிதன்று. தனிப்பாடல்களையும் குஜிலிப் பதிப்புகளையும் ஆய்வுக்கு உட்படுத்தலாமா எனத் தயங்கிய காலம் நமக்கும் இருந்தது. திரைப்பட ஆய்வில் அத்தயக்கம் இன்னும் முற்றாக நீங்கவில்லை. அவ்வகையில், அமெரிக்கத் திரைப்பட வரலாற்று நூல்கள் பலவற்றில் ஓர் அடிக்குறிப்பாகவோ நகைச்சுவைத் துணுக்காகவோ மட்டும் இடம்பெறும் ரே டென்னிஸ் ஸ்டெக்லர் (1938–2009) என்னும் நடிகர்-இயக்குநரின் பணியை மதிப்பிட இக்கட்டுரை முற்படுகிறது. அவர் மறைக்கப்பட்ட மேதை என்று நிறுவுவது இதன் நோக்கமன்று. அவ்வாறு நிறுவவும் இயலாது. அவரை நோக்கிச் சிரித்தவர்களும் அவரைத் தலைமேல் தூக்கி வைத்தவர்களும் ஒருசேரக் காணத் தவறிய ஒன்று அவர் படங்களில் உண்டு என்பதே இங்கு முன்வைக்கப்படும் கருத்தாகும்.

முதலில் ஒரு சொல்லைத் தெளிவுபடுத்திக்கொள்ளுதல் நலம். ஸ்டெக்லர் எடுத்தவை 'எக்ஸ்பிளாய்டேஷன்' படங்கள் என்று வகைப்படுத்தப்படுகின்றன. இதனைச் 'சுரண்டல் படம்' என்று தமிழாக்கினால் பாதிப்பொருளே கிட்டுகிறது. திரைத்தொழில் வழக்கில் அச்சொல், ஒரு படத்தைச் சுவரொட்டி, முரசறைதல், அரங்கினுள் வித்தை காட்டுதல் முதலிய உத்திகளால் விற்பனையாக்குதலையே முதலில் குறித்தது. நடிகரின் புகழோ கதையின் பெருமையோ இல்லாத படத்துக்கு விளம்பரமே மூலதனம். பின்னரே, வன்முறை, காமம், போதை போன்றவற்றைக் காட்டிக் காசு பார்க்கும் படம் என்னும் பொருள் அதன்மேல் ஏறியது. இவ்விரு பொருளையும் சேர்த்தே 'சுரண்டல் படம்' என்னும் தொடரை இக்கட்டுரை ஆள்கிறது.

இத்தகைய படங்களுக்கு வழிதிறந்த சூழலும் நோக்கத்தக்கது. பெரிய நிறுவனங்கள் தம் திரையரங்குகளைப் பிரித்துவிட வேண்டும் என அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1948-இல் அளித்த தீர்ப்பும், தொலைக்காட்சியின் பரவலும் சேர்ந்து, இரட்டைக் காட்சியின் இரண்டாம் படமாக ஓடிய மலிவுப் படங்களின் தயாரிப்பைக் குறைத்தன. அதே வேளையில், காரில் அமர்ந்தபடியே படம் பார்க்கும் 'டிரைவ்-இன்' அரங்குகள் ஐம்பதுகளின் இறுதியில் 4,000-ஐக் கடந்து பெருகியிருந்தன. அவ்வரங்குகளுக்கு வாரந்தோறும் புதுப்படம் தேவைப்பட்டது. அத்தேவையை நிறைவுசெய்தவர்களுள் கடைசி வரிசையில் நின்றவர் ஸ்டெக்லர்.

பென்சில்வேனியா மாநிலத்தின் ரெடிங் நகரில் பிறந்த அவர், இராணுவத்தில் ஒளிப்படப் பயிற்சி பெற்று, பின் ஹாலிவுட்டை அடைந்து கேமராப் பிரிவில் உதவியாளராகப் பணியாற்றினார். நடிகர் திமோத்தி கேரி தாமே எழுதி இயக்கி நடித்த 'தி வேர்ல்ட்ஸ் கிரேட்டஸ்ட் சின்னர்' (1962) படத்தின் ஒளிப்பதிவிலும் அவர் பங்கேற்றார். ஒரு நடிகன் நிறுவனத்தின் தயவின்றித் தன் முகத்தையே முதலாக வைத்துப் படமெடுக்கலாம் என்னும் எண்ணத்துக்கு அப்படம் ஒரு முன்மாதிரியாக அவர் கண்முன் நின்றிருக்கும்.

அவர் இயக்கிய முதல் முழுநீளப் படம் 'வைல்ட் கிட்டார்' (1962). ஆர்ச் ஹால் என்பவர் தம் மகனைப் பாடகனாகவும் நடிகனாகவும் நிலைநிறுத்த எடுத்த படங்களுள் ஒன்று அது. பையில் பதினைந்து காசுடன் ஹாலிவுட் வந்துசேரும் இளைஞன் ஒருவனை ஒரு மேலாளர் பிடித்துப் பாட்டுக்காரனாக்கி, அவன் உழைப்பைத் தின்கிறான். அம்மேலாளராகத் தந்தையே நடிக்கிறார். சுரண்டப்படும் இளைஞனாக மகன் நடிக்கிறான். சுரண்டல் படம் ஒன்று சுரண்டலையே கதையாக்கிக்கொண்ட இந்நிலையை நடித்தவர்கள் உணர்ந்தார்களா என்பது வேறு. மேலாளரின் அடியாளாக வரும் ஒல்லியான, வாய் கோணிச் சிரிக்கும் மனிதன்தான் ஸ்டெக்லர். பெயர்ப்பட்டியலில் இயக்குநர் இடத்தில் அவர் சொந்தப் பெயர் உள்ளது. நடிகர் வரிசையிலோ 'கேஷ் ஃபிளாக்' என்று இருக்கிறது. கேஷ் என்றால் ரொக்கம். கையில் இல்லாததைப் பெயரிலாவது வைத்துக்கொண்டார் போலும்.

இப்பெயர் வழக்கத்தை வெறும் விளையாட்டென்று தள்ளிவிடலாகாது என்பது என் எண்ணம். அவருடைய திரைவாழ்வின் போக்கை அளக்க இதனினும் நல்ல கோல் கிடைக்கவில்லை. தொடக்கத்தில் இயக்குநருக்கு மெய்ப்பெயர், நடிகருக்குப் புனைபெயர். முகம் மறையவில்லை, முகத்தின் பெயர்தான் மறைந்தது. எழுபதுகளில் இந்நிலை தலைகீழாகிறது.

அவருடைய பணியுள் மிகுதியாகப் பேசப்படுவது 1964-இல் வெளிவந்த 'தி இன்கிரெடிப்லி ஸ்ட்ரேஞ்ச் கிரீச்சர்ஸ் ஹூ ஸ்டாப்ட் லிவிங் அண்ட் பிகேம் மிக்ஸ்ட்-அப் ஜோம்பீஸ்'. வாழ்வதை நிறுத்திவிட்டுக் குழம்பிய நடைப்பிணங்களாகிப்போன நம்பவொண்ணா விசித்திரப் பிறவிகள் என்பது இதன் பொருள். இக்கட்டுரையில் இனி 'விசித்திரப் பிறவிகள்' என்றே சுட்டப்பெறும். செலவு 38,000 டாலர் என்று வழக்கமாகக் குறிப்பிடுவர்.

வேலைவெட்டியற்ற ஜெரி (ஸ்டெக்லர்) தன் காதலியோடும் நண்பனோடும் கடற்கரைக் கேளிக்கைப் பூங்காவுக்குச் செல்கிறான். அங்கே குறிசொல்லும் எஸ்ட்ரெல்லா என்பவள் சுழலும் சக்கரத்தைக் காட்டி அவனை மயக்கிக் கொலைக்கருவியாக ஆக்குகிறாள். அவளை எதிர்த்தவர்கள் அமிலத்தால் முகம் சிதைந்து கூண்டில் அடைபட்டுக் கிடக்கிறார்கள். இறுதியில் கூண்டு உடைகிறது. முகம் சிதைந்த ஜெரி கடலோரப் பாறைகளில் ஓடிக் காவலரின் குண்டுக்கு இரையாகிறான். இடையிடையே கதையோடு ஒட்டாத ஆடல்பாடல்கள் பல. உரையாடல் தட்டையானது. குற்றத்தை நண்பன் கண்டறியும் முறை நம்பும்படியாக இல்லை. இவற்றை மறைக்க வேண்டியதில்லை.

எனினும் படத்தின் ஒளிப்பதிவுக் குழுவை நோக்குவோர் வியப்படைவர். தலைமை ஒளிப்பதிவாளர் ஜோசப் மாஸ்செல்லி. ஒளிப்பதிவுக் கலைக்குப் பாடநூலாக இன்றும் திரைப்படப் பள்ளிகளில் பயிலப்பெறும் 'தி ஃபைவ் சீஸ் ஆஃப் சினிமட்டோகிராஃபி' என்னும் நூலை 1965-இல் வெளியிட்டவர் இவரே. காட்சித் தொடர்ச்சியை ஐந்து அடிப்படைகளுள் ஒன்றாக வகுத்துரைத்த ஆசிரியர், தொடர்ச்சிக்கே பெயர்போகாத ஒரு படத்தை அதற்கு முந்தைய ஆண்டுதான் முடித்திருந்தார். அவர்க்குக் கீழே கேமராவை இயக்கியவர்கள் ஹங்கேரியிலிருந்து தப்பிவந்த இருவர்: வில்மோஸ் ஜிக்மண்ட், லாஸ்லோ கோவாக்ஸ். 1956-இல் புடாபெஸ்ட் எழுச்சியைப் படம்பிடித்து, அச்சுருள்களைச் சுமந்துகொண்டு எல்லை கடந்தவர்கள் இவர்கள். கோவாக்ஸ் பின்னர் 'ஈஸி ரைடர்' (1969) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். ஜிக்மண்ட் 'குளோஸ் என்கவுண்டர்ஸ் ஆஃப் தி தர்ட் கைண்ட்' (1977) படத்துக்காக ஆஸ்கர் விருது பெற்றார். ஆனால் அறுபதுகளின் தொடக்கத்தில் அமெரிக்கப் பெயர்ப்பட்டியல்களில் அவர்கள் பெயர் 'வில்லியம்' என்றும் 'லெஸ்லி' என்றுமே காணப்படும். புலம்பெயர்ந்தவனின் பெயரை வேலைதருபவரின் நாக்குக்கு ஏற்பச் சுருக்கிக்கொள்ளும் வழக்கம் நமக்கு அறிமுகமானதே. தோட்டப்புறப் பதிவேடுகளைப் புரட்டியவர்க்கு இதனை விளக்கத் தேவையில்லை.

இக்குழுவின் கைத்திறம் படத்தின் இரவுக்காட்சிகளில் புலனாகிறது. படப்பிடிப்பு நிகழ்ந்த இடம் கலிஃபோர்னியாவின் லாங் பீச்சிலுள்ள 'தி பைக்' என்னும் கேளிக்கைத் திடல். 1902-இல் தொடங்கிய அத்திடல் 1979-இல் மூடப்பட்டது. அங்கிருந்த 'சைக்ளோன் ரேசர்' என்னும் மரத்தாலான உருள்வண்டிப் பாதை 1968-இலேயே இடிக்கப்பட்டுவிட்டது. பல வண்ணக் குழல்விளக்குகளும், உருள்வண்டியின் ஓசையும், கடற்காற்றில் அலைந்து திரியும் கூட்டமும் 'விசித்திரப் பிறவிக'ளில் பதிவாகியிருக்கின்றன. அரங்கு அமைக்கப் பணமின்மையால் உள்ள இடத்தையே எடுத்துக்கொண்டார்கள். வறுமை இங்கே ஓர் ஊரின் ஆவணத்தைத் தந்துவிட்டது. ஜெரி காணும் கெட்ட கனவும் குறிப்பிடத்தக்கது. பாதி வண்ணம் பூசிய முகங்களும் ஒன்றன்மேல் ஒன்று படியும் ஆடல் உருவங்களுமாக விரியும் அப்பகுதியில் ஸ்டெக்லர் சொல்லவந்தது சொல்லாமலே விளங்கிவிடுகிறது. பேச்சு நின்றுவிடும் இடங்களில் அவர் நல்ல இயக்குநர் எனலாம்.

படத்தை விற்ற முறையும் இங்குக் கருதத்தக்கது. கொலைகாரனின் முகமூடி அணிந்த ஆள்கள் குறிப்பிட்ட காட்சியில் அரங்கினுள் ஓடி வந்து பார்வையாளரை அச்சுறுத்துவர். இதற்கு ஏதோ ஒரு 'விஷன்' என்று பெரும்பெயர் சூட்டி விளம்பரம் செய்தார்கள். சில ஊர்களில் இயக்குநரே முகமூடி மாட்டிக்கொண்டு ஓடியதும் உண்டு. திரையில் தோன்றிய மனிதன் தன் முகத்தை மறைத்துக்கொண்டு திரைக்கு முன்னால் வந்து நிற்கிறான். தெருக்கூத்தில் கட்டியங்காரனையும் பார்வையாளருக்கிடையே புகுந்து வரும் வேடத்தையும் கண்டு பழகிய நமக்கு இது வெறும் வணிகத் தந்திரமாக மட்டும் தோன்றாது. ஆயினும் ஒப்புமையை இதற்குமேல் நீட்டுவது பொருந்தாது. கூத்துக்காரன் ஊரறிந்தவன், ஸ்டெக்லரோ அடுத்த நாள் படப்பெட்டியுடன் வேறோர் ஊருக்குப் போய்விடுபவர்.

அதே ஆண்டின் 'தி திரில் கில்லர்ஸ்' அவர் படங்களுள் கட்டுக்கோப்பு மிக்கது என்பது என் மதிப்பீடு. கறுப்பு வெள்ளையில் எடுக்கப்பட்ட இப்படத்தில் மனநோய் விடுதியிலிருந்து தப்பிய மூவரும், 'மேட் டாக்' கிளிக் என்னும் கொலைகாரனும் ஹாலிவுட் குன்றுகளில் திரிகிறார்கள். கிளிக்காக நடிப்பவர் ஸ்டெக்லர். மற்றொரு கிளைக்கதையில், நட்சத்திரமாகும் கனவில் வீட்டையும் மனைவியையும் மறந்த ஜோ சாக்சன் என்னும் நடிகன் வருகிறான். விருந்து வைத்துத் தயாரிப்பாளர்களை வளைத்துப் பிடிக்க முயல்கிறான் அவன். வாய்ப்பு வேண்டி நிற்கும் நடிகனையும் வெறிகொண்டு அலையும் கொலைகாரனையும் ஒரே நிலப்பரப்பில் வைத்த இயக்குநர், தாம் நடிக்கக் கொலைகாரனின் வேடத்தைத் தேர்ந்துகொண்டார். ஜெரியிடம் இருந்த குழந்தைமுகம் கிளிக்கிடம் இல்லை. கண் இமைக்காமல் நிற்கும் அம்முகத்தில் பேச்சு மிகக் குறைவு. இறுதியில் திருடிய குதிரைமேல் அவன் தப்பியோட, காவலர் மோட்டார் சைக்கிளில் துரத்துகிறார். பழைய கௌபாய்ப் படத்தின் நாயகன் வரவேண்டிய குதிரையில் கொலைகாரன் வருகிறான். இக்காட்சியைக் கண்டபின் ஸ்டெக்லரைத் திறமையற்றவர் என்று ஒரே சொல்லில் ஒதுக்குவது எளிதன்று.

'ரேட் ஃபிங்க் அ பூ பூ' (1966) பற்றிச் சுருக்கமாகவே கூறலாம். ஒரு பெண்ணை மூன்று முரடர்கள் தொலைபேசியில் அச்சுறுத்திப் பின்தொடரும் இறுக்கமான குற்றப்படமாகத் தொடங்குகிறது அது. ஏறத்தாழ நாற்பது நிமிடம் சென்றபின், அவளை மீட்க வேண்டிய பாடகனும் தோட்டக்காரனும் ஓர் அறைக்குள் நுழைந்து, மலிவான மாவீரர் உடையில் வெளிவருகிறார்கள். அங்கிருந்து படம் பேட்மேன் பகடியாகிவிடுகிறது. மனிதக் குரங்கு ஒன்றும் வந்து சேர்கிறது. முற்பாதியின் அச்சம் உண்மையானது. ஸ்டெக்லரின் மனைவியும் இப்படத்தின் நாயகியுமான கேரொலின் பிராண்டுக்கு வந்த ஆபாசத் தொலைபேசி அழைப்புகளே கதைக்கு வித்து. அவ்வச்சத்தை இறுதிவரை எதிர்கொள்ள இயலாமல் இயக்குநர் விளையாட்டுக்குள் ஓடிப்போனார் என்று நான் வாசிக்கிறேன். பலர் இதனைப் புதுமை என்று பாராட்டுவர். எனக்கு இது கைவிடலாகவே படுகிறது.

தலைப்பைப் பற்றி ஒரு கதை உலவுகிறது. 'அண்ட்' என எழுதவேண்டிய இடத்தில் எழுத்து வரைந்தவர் பிழையாக 'அ' என்று எழுதிவிட்டார். திருத்தப் பணம் இல்லாததால் அப்படியே விட்டுவிட்டார்கள் என்பது அக்கதை. ஸ்டெக்லரோ பிற்காலத்தில், படப்பிடிப்பின்போது ஒரு சிறுமி அவ்வாறு பாடிக்கொண்டிருந்ததைக் கேட்டே தலைப்பை அமைத்ததாகக் கூறினார். இரண்டில் எது உண்மை என்பதைவிட, முதற்கதையே எல்லா நூல்களிலும் ஏறியது ஏன் என்பதே ஆராயத்தக்கது. ஏழைக் கலைஞனின் விருப்பத்தையும் நாம் பிழையென்றே படிக்கிறோம். ஏட்டுச்சுவடி பெயர்த்தெழுதியவரின் பாடவேறுபாடு எது, பிழை எது என்று தடுமாறும் பதிப்பாசிரியர்க்கு இவ்வாசிப்பின் தீங்கு விளங்கும்.

ஸ்டெக்லரை நோக்கிய சிரிப்பு இப்பின்னணியில் வைத்துப் பார்க்கப்பட வேண்டும். 1997-இல் 'மிஸ்டரி சயன்ஸ் தியேட்டர் 3000' என்னும் தொலைக்காட்சி நிகழ்ச்சி 'விசித்திரப் பிறவிக'ளை எடுத்துக்கொண்டு, படம் ஓட ஓடக் கேலி பேசியது. பெரும்பாலானோர் அப்படத்தைக் கண்டது அந்நிகழ்ச்சியின் வாயிலாகவே. தொல்காப்பியர் நகை என்னும் மெய்ப்பாட்டுக்கு நான்கு நிலைக்களன்களை வகுத்தார். எள்ளல் அவற்றுள் ஒன்றே. இளமையாலும் பேதைமையாலும் பிறக்கும் நகை வேறு இயல்பினது. அதில் சிரிப்பவர் மேலிருந்து நோக்குவதில்லை. தொலைக்காட்சிக் கேலி முற்றிலும் எள்ளலாக நின்றது. ஆனால் ஸ்டெக்லர் தம் குடும்பத்தையும் அயலாரையும் கூட்டி எடுத்த 'லெமன் குரோவ் கிட்ஸ்' குறும்படங்கள், பழைய 'பவரி பாய்ஸ்' நகைச்சுவைப் படங்களின் வழியில், சிறுபிள்ளைத்தனத்தையே சுவையாக வேண்டி நின்றவை. அங்குச் சிரிப்பவர் ஏமாறவில்லை; அழைக்கப்பட்டவர்.

மறுபுறம் போற்றுவோரும் இருந்தனர். இசைத் திறனாய்வாளர் லெஸ்டர் பேங்க்ஸ் 1973-இலேயே 'விசித்திரப் பிறவிக'ளைக் கொண்டாடி நீண்ட கட்டுரை எழுதினார். 1986-இல் 'ரீசர்ச்' வெளியீட்டாளர்கள் இத்தகைய படங்களைத் தொகுத்து ஆராய்ந்த நூலுக்கும், 1988-இல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் ஜோனதன் ராஸ் நடத்திய தொடருக்கும் ஸ்டெக்லரின் தலைப்பிலிருந்தே பெயர் எடுக்கப்பட்டது. ஒரு படத்தின் தலைப்பு ஒரு வகைமையின் பெயரானது பெருமையே. ஆயினும் இப்போற்றலிலும் ஒரு குறை உண்டு. விசித்திரம் என்று பெயரிட்டுவிட்டால் நல்லது, கெட்டது என்று பிரித்துச் சொல்லும் பொறுப்பு நீங்கிவிடுகிறது. 'தி திரில் கில்லர்ஸ்' படத்தையும் பிற்காலப் படங்களையும் ஒரே தட்டில் வைக்க இப்பெயர் இடம் தருகிறது. அவை ஒரே தட்டில் வைக்கத்தக்கவை அல்ல.

1970-ஐ ஒட்டி ஸ்டெக்லர் லாஸ் வேகாஸுக்குக் குடிபெயர்ந்தார். பாலைவனத்தில் எடுத்த 'பிளட் ஷாக்' (1971) படத்தில் அவர் மகள்களும் தோன்றுகின்றனர். இயக்குநர் பெயர் 'வோல்ஃப்காங் ஷ்மிட்'. வயது வந்தோர்க்கான ஆபாசப் படங்களையும் அக்காலத்தில் பல புனைபெயர்களில் எடுத்தார். பிழைப்புக்காகச் செய்ததை மறைத்தல் ஆய்வாளர்க்கு அழகன்று. அவற்றில் கலைநயம் தேடி அலைவதும் அவ்வாறே. 1979-இன் 'தி ஹாலிவுட் ஸ்ட்ராங்க்லர் மீட்ஸ் தி ஸ்கிட் ரோ ஸ்லாஷர்' மீண்டும் ஷ்மிட்டின் பெயரில் வந்தது. உருவத்தரும் பெண்களை ஒளிப்படம் எடுக்க அமர்த்திப் பின் கழுத்தை நெரிக்கும் ஒருவனும், தெருவோரக் குடிகாரர்களைக் கத்தியால் கொல்லும் புத்தகக் கடைப் பெண்ணொருத்தியும் இதன் பாத்திரங்கள். அப்பெண்ணாக நடிப்பவர், மணவாழ்வு முறிந்தபின்னும் அவர் படங்களில் தொடர்ந்த கேரொலின் பிராண்ட். ஒலி இன்றிப் படம்பிடித்து, கொலைகாரனின் மனக்குரலைப் பின்னர் சேர்த்திருக்கிறார்கள்.

கேமரா வைத்திருப்பவனே கொலைகாரன் என்னும் அமைப்பில் ஒரு தன்விசாரணை இருந்திருக்கலாம். மைக்கேல் பவலின் 'பீப்பிங் டாம்' (1960) அதனைச் செய்துகாட்டியது. ஸ்டெக்லரின் படத்தில் அது நிகழவில்லை. ஒரே கொலை ஆள்மாறி ஆள்மாறித் திரும்ப நிகழ்கிறது. பெண்ணுடல் காட்சிப்பொருளாகவே எஞ்சுகிறது. கிளிக்கின் கொலைகளுக்கு ஜோ சாக்சனின் கனவு எதிரே நின்றது. இங்கு எதிரே நிற்க எதுவுமில்லை. கொலைகாரனாக நடிப்பதும் வேறொருவர். அம்முகத்தைத் தம் முகமாக ஏற்றுக்கொள்ளாத இயக்குநர் அப்பெயரையும் தம் பெயராக ஏற்கவில்லை. 1986-இன் 'லாஸ் வேகாஸ் சீரியல் கில்லர்' இதன் தேய்ந்த தொடர்ச்சி என்பதற்குமேல் கூற ஒன்றுமில்லை.

முன்னே சொன்ன ஹங்கேரியர் இருவரையும் இங்கு நினைவுகூரலாம். வில்லியமும் லெஸ்லியுமாக நுழைந்தவர்கள் பத்தாண்டுக்குள் வில்மோஸாகவும் லாஸ்லோவாகவும் தம் பெயரை மீட்டுக்கொண்டார்கள். அவர்களோடு ஒரே திடலில் கேமரா சுமந்தவர் மெய்ப்பெயரிலிருந்து புனைபெயருக்குப் போனார். திறமையின் வேறுபாடு இதற்கு ஒரு காரணம், அதனை மறுப்பதற்கில்லை. மற்றொரு காரணம், அவர்கள் பிறர் படங்களில் பணியாற்ற ஒப்பினார்கள், இவர் ஒப்பவில்லை என்பது. இறுதிவரை தம் படத்தைத் தாமே எடுப்பது என்னும் பிடிவாதத்துக்கு அவர் கொடுத்த விலை அவருடைய பெயராகவே இருந்தது. டிரைவ்-இன் அரங்குகள் மங்கிய காலத்தில், லாஸ் வேகாஸில் வீடியோ நாடாக்களை வாடகைக்கு விடும் கடை நடத்தி அவர் வாழ்ந்தார். 2009 ஜனவரி 7-ஆம் நாள் அந்நகரிலேயே மறைந்தார்.

2022-இல் செவரின் என்னும் அமெரிக்க நிறுவனம் அவர் படங்களைச் செப்பனிட்டு ஒரு பெட்டித் தொகுப்பாக வெளியிட்டது. பெட்டியின் மேல் ரே டென்னிஸ் ஸ்டெக்லர் என்று தலைப்பிலேயே பெயர் பொறித்திருக்கிறார்கள். உள்ளே 'பிளட் ஷாக்' படத்தை ஓடவிட்டால் இயக்கம் என்னும் இடத்தில் இன்றும் வோல்ஃப்காங் ஷ்மிட் என்றே வருகிறது.